மார்பில் அடிபட்டால் ஆஸ்பத்திரிச் சீட்டில் என்ன எழுதுகிறார்கள்?



கையில் அடிபட்டால் பக்கத்து வீட்டு அக்காவிடம் காட்டுகிறோம். காலில் அடிபட்டால் நொண்டிக்கொண்டாவது ஆஸ்பத்திரிக்குப் போகிறோம். மார்பில் அடிபட்டால் மட்டும் வாயைத் திறப்பதில்லை. மாடு முட்டியிருக்கலாம், பஸ்ஸில் கம்பி இடித்திருக்கலாம், வழுக்கி விழுந்திருக்கலாம், வீட்டில் அடித்திருக்கலாம். "அதைப் போய் டாக்டர்கிட்ட எப்படிக் காட்டறது?" என்று எதையாவது பூசிவிட்டு வேலையைப் பார்க்கிறோம். அப்படியே ஆஸ்பத்திரிக்குப் போனாலும் நடந்ததை மாற்றிச் சொல்கிறோம். நாம் சொல்வது சீட்டில் என்னவாகப் பதிவாகிறது, அதனால் நமக்கு என்ன லாபம், என்ன நட்டம் என்று இந்த இதழில் பார்ப்போம்.

ரத்தக்கட்டு என்பது என்ன?

அடிபட்ட இடத்தில் தோலுக்கு அடியில் உள்ள சின்ன ரத்தக் குழாய்கள் உடைந்து ரத்தம் கசிகிறது. இதைத்தான் கன்னிப்போச்சு, ஊமைக்காயம் என்கிறோம். முதலில் சிவந்தும் நீலமாகவும் இருக்கும். பிறகு பச்சை, மஞ்சளாக மாறி, பெரும்பாலும் இரண்டு வாரத்தில் மறையும். பலமான அடியென்றால் ரத்தம் கட்டியாக நின்று, கரைய இன்னும் நாளாகும்.

எழுத்தும் எண்ணும் எதற்கு?

ஒரே காயத்தை ஒரு டாக்டர் ஒரு மாதிரியும் இன்னொருவர் வேறு மாதிரியும் எழுதினால் கணக்கு எடுக்க முடியாது. அதனால் உலக சுகாதார நிறுவனம் ஒவ்வொரு நோய்க்கும் காயத்துக்கும் ஒரு குறியீடு கொடுத்திருக்கிறது. இதற்கு ஐ.சி.டி. என்று பெயர். நம் ரேஷன் கார்டு எண் மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். 2022 முதல் இதன் 11-ஆவது திருத்தம் நடைமுறைக்கு வந்துள்ளது. ஆனாலும் பலரும் பழகியது 10-ஆவது திருத்தம்தான். அதில் மார்பக ரத்தக்கட்டின் குறியீடு எஸ்20.0. 'எஸ்' என்றால் உடல் உறுப்பில் பட்ட காயம். 20 முதல் 29 வரை நெஞ்சுப் பகுதி. மார்பகத்தில் இல்லாமல் நெஞ்சுச் சுவரில் அடி என்றால் எஸ்20.2.

எல்லா ஓ.பி. சீட்டிலும் இந்தக் குறியீடு இருக்காது. ஆனால் இன்சூரன்ஸ் பணம் கேட்கும்போது ஆஸ்பத்திரி நிரப்பும் படிவத்தில் இதற்குத் தனி இடம் உண்டு.

எப்படி அடிபட்டது?

காயத்துக்கு ஒரு குறியீடு என்றால், காரணத்துக்கு இன்னொரு குறியீடு. வழுக்கி விழுந்தால் டபிள்யூ01. மாடு முட்டினால் டபிள்யூ55. ஒருவர் கையால் அடித்தாலோ காலால் உதைத்தாலோ ஒய்04. வாகன விபத்து 'வி' எழுத்தில் வரும். கணவர் அல்லது துணைவர் செய்யும் கொடுமைக்கு ஒய்07.0 என்று தனியாகவே ஒன்று இருக்கிறது. நம்மைப் போன்ற பெண்கள் உலகம் முழுக்க இருப்பதால்தான் அந்த எண்ணே உண்டானது.

டாக்டர் எழுதுவதை வைத்துத்தான் குறியீடு போடுகிறார்கள். டாக்டர் எழுதுவது நாம் சொல்வதை வைத்து. புருஷன் உதைத்ததை "படியில் விழுந்துட்டேன்" என்று சொன்னால், சீட்டிலும் கணக்கிலும் அது விழுந்த காயம்தான். பிறகு ஒரு நாள் கோர்ட்டுக்குப் போனால், "நீங்களே விழுந்ததாகச் சொல்லியிருக்கீங்களே" என்று எதிர்த்தரப்பு வக்கீல் அந்தச் சீட்டையே நீட்டுவார்.

உண்மையைச் சொன்னால் என்ன ஆகும்?

அடித்த காயம் என்று சொன்னால் அரசு ஆஸ்பத்திரியில் ஆக்சிடெண்ட் ரிஜிஸ்டரில் பதிவார்கள். போலீசுக்கும் தகவல் போகும். இதற்குப் பயந்துதான் பலர் மறைக்கிறார்கள். ஆனால் குடும்ப வன்முறையிலிருந்து பெண்களைப் பாதுகாக்கும் சட்டம், 2005-ன்படி, கணவரை ஜெயிலுக்கு அனுப்பாமலே பாதுகாப்பு உத்தரவும், அதே வீட்டில் குடியிருக்கும் உரிமையும் கேட்கலாம். இந்தச் சட்டத்தின் விதிகள்படி, புகார் கொடுக்கவில்லை என்ற காரணத்தால் சிகிச்சையை மறுக்க முடியாது. மருத்துவப் பரிசோதனை அறிக்கையின் நகலையும் உங்களுக்கு இலவசமாகத் தர வேண்டும்.

கட்டி கரையாவிட்டால்?

அடிபட்டதால் புற்றுநோய் வராது. இந்தப் பயம் வேண்டாம். ஆனால் அடிபட்ட இடத்தைத் தடவிப் பார்க்கும்போது, முன்பே இருந்த கட்டி கைக்குத் தட்டுப்படலாம். சில சமயம் அடிபட்ட கொழுப்புத் திசு இறுகி, சில வாரம் அல்லது மாதம் கழித்துக் கட்டியாகும். இது கெடுதல் இல்லாதது, இதற்கு என்64.1 என்று வேறு குறியீடு. இரண்டும் கைக்கு ஒரே மாதிரி இருக்கும். ஸ்கேன், தேவைப்பட்டால் ஊசிப் பரிசோதனை செய்துதான் பிரித்துச் சொல்ல முடியும். ஆகவே "அன்னைக்கு அடிபட்டதுதான்" என்று நாமே முடிவு கட்டக் கூடாது. அடியே படாமல் மார்பு சிவந்தாலும், கன்றினாலும் உடனே காட்ட வேண்டும்.

நாம் செய்ய வேண்டியவை

• குளிர்ந்த தண்ணீரில் நனைத்த துணியை 10, 15 நிமிடம் வையுங்கள். ஐஸை நேராக வைக்க வேண்டாம். சூடாக எண்ணெய் தேய்த்து நீவ வேண்டாம்.
• வீக்கம் வேகமாகப் பெருத்தால், மூச்சு இழுக்கும்போது வலித்தால், காம்பில் ரத்தம் வந்தால், காய்ச்சல் அடித்தால் அன்றே போங்கள். ரத்தம் உறையாமல் இருக்க மாத்திரை சாப்பிடுபவர்களும் காத்திருக்க வேண்டாம்.
• எந்தப் பக்கம், என்று, எப்படி அடிபட்டது என்று மூன்றையும் சொல்லுங்கள். பெண் டாக்டர் அல்லது நர்ஸ் கூட இருக்க வேண்டும் என்று கேட்கலாம்.
• சீட்டில் எழுதியதைப் படித்துக் காட்டச் சொல்லுங்கள். தவறு இருந்தால் அப்போதே சொல்லுங்கள். சீட்டைப் பத்திரமாக, தேவைப்பட்டால் குழுத் தலைவியிடம், வையுங்கள்.
• வீட்டில் வன்முறை என்றால் 181-க்குப் போன் செய்யலாம். மாவட்ட சமூக நல அலுவலகத்தில் பாதுகாப்பு அலுவலரைப் பார்க்கலாம்.

அடுத்த குழுக் கூட்டத்தில் சேமிப்பு, கடன் வரவு முடிந்ததும் இதைச் சத்தமாக வாசியுங்கள். ஒரு உறுப்பினர் தனியாகப் போகக் கூச்சப்பட்டால், இன்னொருவர் துணைக்குப் போவது என்று அங்கேயே முடிவு செய்து தீர்மான நோட்டில் எழுதுங்கள்.