பெட்டிக்குள் ஒடுங்கிய முற்றம்

தொலைக்காட்சி வீட்டுப் பொருளாகத்தான் விற்கப்பட்டது. எனினும் கண்டிச் சீமையில் அது முதலில் ஊர்ப் பொருளாகவே வாழ்ந்தது. பின்னரே வீட்டுக்குள் ஒடுங்கிற்று. இம்மாற்றத்தில் நாம் பெற்றது எது, இழந்தது எது என்பதே என் கேள்வி.

இலங்கையில் தொலைக்காட்சி 1979 ஏப்ரலில் தொடங்கியது. 1982 பெப்ரவரியில் ஜப்பானிய உதவியுடன் ரூபவாகினி பிறந்தது. நாட்டின் அதியுயர் சிகரமாகிய பீதுருதாலகாலையின் உச்சியில் அதன் ஒளிபரப்புக் கோபுரம் எழுந்தது. அக்காலத்தில் மின்சாரம் எட்டாத லயங்கள் பல. ஹந்தானைச் சரிவிலே, கார் பற்றரியால் இயங்கிய கறுப்பு வெள்ளைப் பெட்டியொன்றைச் சிறுவனாக இருந்தபோது கண்டேன். பெட்டி ஒரு வீட்டாருடையது. காட்சியோ லயம் முழுவதற்கும் உரியது. பற்றரியைச் சுமந்து சென்று மின்னேற்றி வருவது இளைஞர் கடனாயிற்று. பாயில் இடம் போதாதோர் வாசற்படியில் நின்றனர். நேற்றைய பிணக்கை மறந்து அருகருகே அமர்ந்தோரும் உண்டு.

நன்மையை மறைப்பது நேர்மையன்று. எசல பெரஹராவைக் காணக் கண்டி வீதியோரத்தில் நெடுநேரம் காத்திருக்க இயலாத முதியோருக்கு, நேரடி ஒளிபரப்பு பெரும்பேறாயிற்று. 1996 மார்ச் 17 இல் லாகூரில் இலங்கை உலகக் கிண்ணத்தை வென்றது. 2007 டிசம்பர் 3 இல், கண்டியில் பிறந்த முத்தையா முரளிதரன் அஸ்கிரிய மைதானத்திலேயே 709 ஆவது டெஸ்ட் விக்கெட்டை வீழ்த்தி உலக சாதனை படைத்தார். அந்நாட்களில் திரைமுன் எழுந்த ஆரவாரத்திற்கு மொழிபேதம் இருக்கவில்லை.

ஆனால், வீட்டுக்கொரு பெட்டி வந்ததும் கதவுகள் சாத்தப்பட்டன. 1993 இல் சென்னையில் தொடங்கிய சன் தொலைக்காட்சியும் அதனைப் பின்தொடர்ந்தனவும் செய்மதி வழியே வந்து மாலைப்பொழுதைத் தமதாக்கின. தொடர்கதையின் கண்ணீரில் கரையும் வீட்டில், பக்கத்து அறையின் உண்மைக் கண்ணீர் கேட்பதில்லை. மாசி மாதத்தில் தப்பு முழங்கக் காமன் கூத்து ஆடும் முற்றத்திலும் கூட்டம் குறைந்தது. ரதியின் புலம்பலை இரவெல்லாம் கேட்டு அழுத பாட்டியின் பேரப்பிள்ளைக்கு இன்று அக்கதையே தெரியாது.

பெட்டியை உடைப்பதா பரிகாரம்? அன்று. மலையகத்தாரின் வாழ்வு திரையில் அரிதாகவே தோன்றுகிறது என்பதே மெய்யான குறை. கூத்து வாத்தியார்கள் உயிரோடிருக்கையிலேயே அவர்தம் பாடலையும் ஆட்டத்தையும் பதிவு செய்து, நம் ஒளிபரப்புகளிலே காட்டுதல் வேண்டும். கையடக்கத் தொலைபேசியே படம் பிடிக்கும் இந்நாளில் இது அரிய செயலன்று. அதனைக் காணும் இரவிலேனும் அயலாரை அழைத்து, கதவைத் திறந்து வைப்போமாக.