சட்டத்துக்குள் நிற்காத ஓவியம்

1969, பம்பாய். ஓவியர் அக்பர் பதம்ஸீ தமக்குக் கிடைத்த நேரு நல்கைப் பணத்தைக் கொண்டு, ஓவியர்கள் கேமராவோடும் பழகட்டும் என்று ஒரு பட்டறை தொடங்கினார். ஜே.ஜே. கலைப்பள்ளியில் அப்போதுதான் படிப்பை முடித்த நளினி மலானி அதில் சேர்ந்தார். அங்கிருந்த ஒரே பெண் அவர். கட்டட மாதிரி வடிவங்களை நிறம் மாற்றி மாற்றிப் படமெடுத்தார். நேரு காலத்து நகரக் கனவு அது. 1976இல் அதன் பக்கத்திலேயே ஒரு கறுப்பு வெள்ளைப் படத்தையும் ஓடவிட்டார். அதில் ஒரு பெண் ஜன்னல் வழியே குடிசைகளைப் பார்க்கிறாள். ‘உட்டோபியா’ என்ற அந்தப் படைப்பைக் காட்ட அன்று எந்தக் காட்சிக்கூடம் இருந்தது? ஓவியம் என்றால் சட்டம் போட்டு மாட்டுவது, அவ்வளவுதான். பெண் ஓவியர் என்றால் அதிலும் ஒரு படி கீழே. 1987இல் அர்பிதா சிங், மாதவி பரேக், நீலிமா ஷேக் ஆகியோரோடு சேர்ந்து, தங்கள் ஓவியங்களைத் தாங்களே ஊர் ஊராகக் கொண்டுபோனார்.

மலானி கருவியை மாற்றிக்கொண்டே இருந்ததை நாகரிக மோகம் என்று சொல்பவர்களை என்னால் ஏற்க முடியாது. காலம்தான் அவரை நெருக்கியது. அவர் பிறந்தது 1946இல், கராச்சியில். பிரிவினையில் ஊரை விட்ட குடும்பம். 1998இல் பொக்ரானில் இந்தியா அணுகுண்டுச் சோதனை நடத்தியபோது, உருது எழுத்தாளர் மண்டோவின் பிரிவினைக் கதையைத் துணைக்கு வைத்து ஒரு கூடத்தையே படைப்பாக்கினார். எதிரெதிர்ச் சுவர்களில் ஓடும் காணொளிகளில் இரண்டு பெண்கள், நடுவில் வெற்றிடம். ஒரே புடவையை ஆளுக்கொரு முனை பிடித்து மடிக்கப் பார்க்கிறார்கள். மடிப்பு சேரவே இல்லை. கீழே தகர டிரங்குப் பெட்டிகள். திறந்த பெட்டிக்குள் துணிமணி இருக்க வேண்டிய இடத்தில், அகதிகளும் அணுகுண்டும் ஓடும் சின்னத் திரைகள். ஒரு கான்வாஸில் இதை எப்படி வரைந்திருக்க முடியும்?

பின்னால் வந்த நிழற்படைப்புகளில், மேலிருந்து தொங்கிச் சுழலும் ஒளிபுகும் உருளைகளின் உட்புறத்தில் வரைந்தார். ஓவியர் பூபேன் கக்கரிடம் கற்ற பின்பக்க ஓவியமுறை அது. நம் தஞ்சாவூர்க் கண்ணாடிப் படங்களும் அதே முறைதான்: நகை, கண் கோடு எல்லாம் முதலில், பின்னணி கடைசியில். ஒரு கோடு தவறினால் அடுத்த பூச்சு அதை மறைக்காது. உருளை சுழலச் சுழல, ஒளியில் உருவங்களின் நிழல்கள் சுவரெங்கும் ஓடும்.

2012இல் ஜெர்மனியின் காஸெல் நகரில் டாக்குமென்டா கலைக் கண்காட்சி, 2017இல் பாரிஸ் பாம்பிடூ மையம், 2023இல் கியோட்டோ பரிசு. இன்று ஐபேடில் விரலாலேயே வரைகிறார். கூட்டுப் பாலியல் வன்முறைக்குப் பலியான ஒரு சிறுமிக்காகக் குட்டிக் குட்டி அசைபடங்களாகவே ஒரு கூடத்தை நிரப்பினார். லண்டன் தேசிய காட்சிக்கூடத்தில், பழைய ஐரோப்பிய ஓவியங்களின் பிம்பங்கள் மீதே தன் கோடுகளை ஓடவிட்டார். அன்று அவர் படத்துக்குச் சுவர் தராத உலகம், இன்று தன் பொக்கிஷங்களின் மேலேயே வரையச் சொல்கிறது.