வெஸ் மாண்ட்கோமரியின் கட்டைவிரல்

ஜாஸ் என்றதும் சாக்ஸபோனும் டிரம்பெட்டும்தான் பலருக்கு நினைவுக்கு வரும். கிதார் வழியாக ஜாஸுக்குள் நுழைய ஆசைப்படுபவர்களிடம் நான் சொல்லும் முதல் பெயர் வெஸ் மாண்ட்கோமரி. அவர் கதையைச் சொன்னால் ஜாஸ் கிதாரின் பாதிக் கதையைச் சொன்ன மாதிரி. டீயைக் குடித்துக்கொண்டே கேளுங்கள், அவசரமில்லை.

முதலில் ஒரு பின்னணி. 1930-கள் வரை ஜாஸ் குழுக்களில் கிதாருக்குத் தனிக்குரல் கிடையாது என்றே சொல்லலாம். பத்துப் பதினைந்து பேர் ஊதும் குழுவில் கிதார் தந்தியின் சத்தம் யார் காதில் விழும்? தாளத்துக்கு கார்ட் (பல ஸ்வரங்கள் சேர்ந்து ஒலிப்பது) பிடித்துக்கொண்டிருப்பதே அதன் வேலை. ஆம்ப்ளிஃபையர் வந்த பிறகு நிலைமை மாறியது. கிளாரினெட் கலைஞர் பென்னி குட்மனின் குழுவில் இருந்த சார்லி கிறிஸ்டியன் என்ற இளைஞர், மின்சார கிதாரில் சாக்ஸபோனுக்குச் சமமாகத் தனி ஆவர்த்தனம் (சோலோ) வாசித்துக் காட்டினார். 1942-இல் காசநோயில் இறந்தபோது அவருக்கு வயது 25. பின்னால் வந்தவர்கள் எல்லோரும் அவர் போட்ட பாதையில் நடந்தவர்கள்தான்.

வெஸ் 1923 மார்ச் 6 அன்று அமெரிக்காவின் இண்டியானாபோலிஸ் நகரில் பிறந்தார். இசைக் குடும்பம். அண்ணன் மங்க் பாஸ் வாசிப்பவர், தம்பி பட்டி வைப்ரஃபோனும் பியானோவும் வாசிப்பவர். சிறுவயதில் அண்ணன் வாங்கித் தந்த நாலு தந்தி டெனர் கிதார் ஒன்று வெஸ்ஸிடம் இருந்தது. ஆறு தந்தி கிதாரை அவர் முறையாகக் கையில் எடுத்தது இருபது வயதை ஒட்டி, சார்லி கிறிஸ்டியனின் இசைத்தட்டைக் கேட்ட பிறகு. மேதைகள் எல்லோரும் ஐந்து வயதிலேயே ஆரம்பித்தவர்கள் என்று நம்புகிறவர்கள் இதைக் கவனிக்க வேண்டும். கல்யாணம் ஆகும் வயதில்தான் இவர் ஆரம்பித்தார்.

ஆசிரியர் யாரும் இல்லை. இசைக்குறிப்பு படிக்கத் தெரியாது, கடைசிவரை கற்றுக்கொள்ளவும் இல்லை. இசைத்தட்டைத் திரும்பத் திரும்பப் போட்டு, கிறிஸ்டியனின் சோலோக்களை ஒரு ஸ்வரம் பிசகாமல் காதாலேயே பாடம் செய்தார். அந்தத் தகுதிக்காகவே உள்ளூர் கிளப் ஒன்று அவரை வேலைக்கு எடுத்தது. மேடை ஏறுவார், கிறிஸ்டியனின் சோலோவை வாசிப்பார், இறங்கிவிடுவார். வேறு எதுவும் அப்போது அவருக்குத் தெரியாது.

இனி கட்டைவிரல். பகல் முழுக்க வேலை என்பதால் இரவில்தான் வீட்டில் பயிற்சி. ஆம்ப்ளிஃபையரின் சத்தம் பக்கத்து வீட்டுக்காரர்களுக்குத் தொந்தரவாக இருந்தது, புகார் வந்தது. தந்தியை மீட்டும் சிறு வில்லையான பிக்கைக் கீழே வைத்துவிட்டுக் கட்டைவிரலின் சதைப் பகுதியால் தந்தியை வருடிப் பார்த்தார். சத்தம் குறைந்தது. அதைவிட முக்கியம், ஒலியின் குணமே மாறிவிட்டது. பிக் கடினமானது. தந்தியை விட்டு விலகும் கணத்தில் ஒரு 'டக்' என்ற கூர்மை எழும், அதுவே ஸ்வரத்தின் முகமாகிவிடும். சதை படும்போது அந்தக் கூர்மை கரைந்துபோய், ஸ்வரம் முழு உருண்டையாக வருகிறது. பாடகர் மெய்யெழுத்தின் அழுத்தம் இல்லாமல் உயிரெழுத்தில் தொடங்குவதுபோல் காதுக்கு இதமாக இருக்கிறது.

இதற்கு விலையும் உண்டு. பிக் வைத்திருப்பவர் கீழும் மேலுமாக மாற்றி மாற்றித் தட்டி வேகத்தை எட்டுவார். கட்டைவிரலில் பெரும்பாலும் கீழ்நோக்கிய வீச்சுதான். வேகம் பாதிக்கும் என்று வெஸ்ஸுக்கு நன்றாகத் தெரியும். தெரிந்தே ஒலியைத் தேர்ந்தெடுத்தார். பிறகு அந்த ஒரு விரலிலேயே, மற்றவர்கள் பிக்கால் எட்டும் வேகத்துக்குப் பக்கத்தில் போய்விட்டார் என்பதுதான் எனக்கு இன்றும் பிரமிப்பு. அவர் கட்டைவிரலில் ஓரிடத்தில் தோல் தடித்துக் காய்ப்பு ஏறியிருந்ததாகவும், சதையையும் காய்ப்பையும் மாற்றி மாற்றிப் பயன்படுத்தி ஒலியை மென்மையாகவும் கூர்மையாகவும் ஆக்கினார் என்றும் ஜார்ஜ் பென்சன் சொல்லியிருக்கிறார். பென்சனே பெரிய கிதார் கலைஞர். அவர் கண்ணில் பட்ட விவரம் என்பதால் நம்பலாம்.

வெஸ்ஸின் இன்னொரு முத்திரை ஆக்டேவ். மத்திய ஸ்தாயி 'ச'வையும் தார ஸ்தாயி 'ச'வையும் ஒரே நேரத்தில் ஒலிக்கச் செய்வது. ஒரு ஸ்வரத்துக்கு இது எளிது. ஒரு முழு ராகத்தையே, அதுவும் அந்த நேரத்தில் மனத்தில் தோன்றும் கற்பனையை, வேகமாக இப்படி இரட்டை இரட்டையாக வாசிப்பது வேறு விஷயம். இடது கையின் ஆள்காட்டி விரல் ஒரு தந்தியில், மோதிர விரலோ சுண்டுவிரலோ ஒரு தந்தி விட்டு அடுத்த தந்தியில் இருக்கும். தடித்த தந்திகளில் இரண்டுக்கும் இடைவெளி இரண்டு மெட்டு (ஃப்ரெட்), மெல்லிய தந்திகளுக்குப் போனால் மூன்று மெட்டு. நடுவில் மாட்டிக்கொண்ட தந்தி ஒலிக்கக் கூடாது, ஆகவே ஆள்காட்டி விரலின் சரிவால் அதைத் தொட்டு ஊமையாக்க வேண்டும். வலது கட்டைவிரல் மூன்று தந்திகளையும் சேர்த்து வீசும், இரண்டு மட்டும் பேசும். இந்த விரல் அமைப்பு குலையாமல் கிதாரின் கழுத்து முழுக்க மேலும் கீழும் ஓட வேண்டும். ஆரம்பத்தில் ஆக்டேவ் பயிற்சி செய்தபோதெல்லாம் தலைவலி வந்தது என்று வெஸ்ஸே சொல்லியிருக்கிறார். ஆக்டேவை அவர் கண்டுபிடிக்கவில்லை. அவருக்கு முன்பே கிதார் கலைஞர் ஜாங்கோ ரைன்ஹார்ட் அங்கங்கே பயன்படுத்தியிருக்கிறார். அதை ஓர் அலங்காரமாக விட்டுவிடாமல், நிமிடக்கணக்கில் பேசும் மொழியாக ஆக்கியவர் வெஸ்.

அவருடைய சோலோக்களில் ஒரு கட்டுமானம் உண்டு, அது பிடிபட்டுவிட்டால் கேட்பது எளிது. பாட்டின் முதல் சில சுற்றுகள் ஒற்றை ஸ்வரங்கள். அடுத்த சுற்றுகள் ஆக்டேவ். கடைசிச் சுற்றுகள் முழு கார்டுகள், அதாவது ராகத்தின் ஒவ்வொரு ஸ்வரத்துக்கும் கீழே மூன்று நான்கு ஸ்வரங்கள் சேர்ந்து நகர்வது. ஒரே பாட்டை முதலில் ஒருவர் தனியாகப் பாடி, பிறகு ஆணும் பெண்ணும் சேர்ந்து பாடி, கடைசியில் தேவாலயப் பாடகர் குழு முழுவதும் எடுத்துக்கொள்வதைப் போன்றது. ஒவ்வொரு கட்டமும் முந்தையதைவிடக் கடினம், ஆனால் வாசிப்பவர் முகத்தில் சிரமமே தெரியாது. 1965-இல் அவர் ஐரோப்பா போனபோது ஹாலந்து, பெல்ஜியம், இங்கிலாந்து தொலைக்காட்சிகள் எடுத்த பதிவுகள் இருக்கின்றன. சிரித்துக்கொண்டே வாசிக்கிறார். ஹாலந்துப் பதிவில், உடன் வாசிக்கும் உள்ளூர்க் கலைஞர்களுக்குப் பாட்டின் கார்டுகளை ஒவ்வொன்றாக வாசித்துக் காட்டுகிறார். குறிப்பு எழுதத் தெரியாதவர் தலைக்குள் எத்தனை துல்லியமாக எல்லாம் இருக்கிறது என்பதை அங்கே பார்க்கலாம்.

வாழ்க்கைக்குத் திரும்புவோம். 1948 முதல் 1950 வரை வைப்ரஃபோன் கலைஞர் லயனல் ஹாம்ப்டனின் பெரிய குழுவோடு ஊர் ஊராகப் போனார். விமானத்தில் ஏறப் பயம், ஆகவே கச்சேரிக்குக் கச்சேரி காரை ஓட்டிக்கொண்டே போவார். பிறகு அதை விட்டுவிட்டு இண்டியானாபோலிஸுக்கே திரும்பிவிட்டார். மனைவியும் பிள்ளைகளும் அங்கே.

அடுத்து வந்த வருடங்களை நினைத்தால்தான் மனம் கனக்கிறது. காலை 7 மணி முதல் பிற்பகல் 3 மணி வரை ரேடியோ பாகங்கள் செய்யும் தொழிற்சாலையில் வேலை. இரவு 9 மணியிலிருந்து 2 மணி வரை டர்ஃப் பார் என்ற இடத்தில் வாசிப்பு. அது முடிந்ததும் மிசைல் ரூம் என்ற இன்னொரு கிளப்பில் விடியும் நேரம் வரை. மறுபடி 7 மணிக்குத் தொழிற்சாலை. தூங்கியது எப்போது? பல வருடங்கள் இப்படி. கறுப்பினக் கலைஞர்களின் இசைக்குப் பேர்போன இண்டியானா அவென்யூ இருந்த ஊர் அது. அங்கே அவரைத் தெரியாதவர் இல்லை, ஊருக்கு வெளியே தெரிந்தவர் மிகக் குறைவு. அவர் பெயரில் வெளியே அறியப்பட்ட ஒரு தட்டுக்கூட அப்போது இல்லை.

1959-இல் சாக்ஸபோன் கலைஞர் கேனன்பால் ஆடர்லி இண்டியானாபோலிஸில் கச்சேரி முடித்துவிட்டு மிசைல் ரூமுக்குப் போய் உட்கார்ந்தார். வெஸ்ஸின் வாசிப்பைக் கேட்டதும் அவருக்கு இருப்புக்கொள்ளவில்லை. ரிவர்சைட் ரெக்கார்ட்ஸின் தயாரிப்பாளர் ஒரின் கீப்னியூஸைத் தொலைபேசியில் அழைத்து, இந்த மனிதரைப் பதிவு செய்தே ஆகவேண்டும் என்றார். விமர்சகரும் இசையமைப்பாளருமான குந்தர் ஷுல்லரும் அதே சமயத்தில் ஒரு பத்திரிகைக் கட்டுரையில் வெஸ்ஸைப் புகழ்ந்திருந்தார். கீப்னியூஸ் நேரில் வந்து கேட்டு ஒப்பந்தம் போட்டார். அக்டோபரில் முதல் ரிவர்சைட் பதிவு. அப்போது வெஸ்ஸுக்கு 36 வயது.

மூன்று மாதத்தில், 1960 ஜனவரியில், 'தி இன்க்ரெடிபிள் ஜாஸ் கிதார்' பதிவானது. பியானோவில் டாமி ஃப்ளானகன், பாஸில் பெர்சி ஹீத், டிரம்ஸில் அவர் தம்பி ஆல்பர்ட் ஹீத். இந்த ஒரு தட்டு ஜாஸ் கிதாரின் போக்கைத் திருப்பியது. அதில் உள்ள 'வெஸ்ட் கோஸ்ட் ப்ளூஸ்' மூன்று மூன்றாக எண்ணும் தாளத்தில் நடக்கும் ப்ளூஸ். 'ஃபோர் ஆன் சிக்ஸ்' இன்றும் கிதார் மாணவர்கள் கற்கும் பாடம். இரண்டும் வெஸ்ஸின் சொந்த இயற்றல். 1961-இல் மான்டரே விழாவில் சாக்ஸபோன் கலைஞர் ஜான் கோல்ட்ரேனோடு வாசித்தார். 1962 ஜூனில் கலிஃபோர்னியாவின் பெர்க்லி நகரில் ட்சூபோ என்ற சிறு இடத்தில் ரசிகர்கள் முன்னால் 'ஃபுல் ஹவுஸ்' பதிவானது. ஜானி கிரிஃபினின் சாக்ஸபோன் ஒரு பக்கம் சீற, வின்டன் கெல்லி, பால் சேம்பர்ஸ், ஜிம்மி காப் மூவரும் கீழே தாளத்தைத் தாங்குகிறார்கள். சேம்பர்ஸும் காப்பும் டிரம்பெட் கலைஞர் மைல்ஸ் டேவிஸின் புகழ்பெற்ற 'கைண்ட் ஆஃப் ப்ளூ'வில் வாசித்தவர்கள், கெல்லி அதில் ஒரு பாட்டில் மட்டும்.

ரிவர்சைட் 1964-இல் திவாலானது. வெஸ் வெர்வ் நிறுவனத்துக்குப் போனார். அங்கே தயாரிப்பாளர் கிரீட் டெய்லரின் யோசனை வேறு: எல்லோருக்கும் தெரிந்த பாப் பாட்டுகளை, வயலின்கள் சூழ, வெஸ்ஸின் ஆக்டேவில் கேட்க வைப்பது. 'கோயின் அவுட் ஆஃப் மை ஹெட்' கிராமி விருது வாங்கியது. பிறகு ஏ அண்ட் எம் நிறுவனத்தில் 'எ டே இன் த லைஃப்' (1967) அந்த வருடம் மிக அதிகம் விற்ற ஜாஸ் தட்டு ஆனது.

ஜாஸ் விமர்சகர்கள் கோபப்பட்டார்கள். ராகத்தை மட்டும் வாசித்துவிட்டுப் போய்விடுகிறார், கற்பனை எங்கே என்றார்கள். அந்தக் கேள்வியில் நியாயம் இருக்கிறது. அந்தத் தட்டுகளில் அவருடைய திறமையில் கால்வாசிதான் கேட்கிறது என்பது என் கருத்தும். ஆனால் விலைபோய்விட்டார் என்ற பழியை என்னால் ஏற்க முடியாது. தொழிற்சாலைக்கும் பாருக்கும் நடுவே உடம்பைத் தேய்த்த மனிதர் அவர். குடும்பத்தைக் கவலையில்லாமல் வைத்துக்கொள்ள அவருக்கு அப்போதுதான் முதல்முறையாக வாய்த்தது. தான் இப்போது வாசிப்பது பாப் இசை, அதை அப்படியே மதிப்பிடுங்கள் என்று அவரே வெளிப்படையாகச் சொன்னார், யாரையும் ஏமாற்றவில்லை. அந்த மூன்று நிமிடப் பாட்டுகளிலும் கட்டைவிரலின் ஒலி கலப்படமில்லாமல் இருக்கிறது. அதே வெர்வ் காலத்தில்தான் 1965-இல் 'ஸ்மோக்கின் அட் த ஹாஃப் நோட்' பதிவானது என்பதையும் மறக்கக் கூடாது. ஜாஸ் கிதாரில் அதற்கு மேல் ஒரு தட்டு இல்லை என்று கிதார் கலைஞர் பேட் மெத்தீனி சொல்லியிருக்கிறார். எனக்கும் அதில் மறுப்பில்லை.

1968 ஜூன் 15 அன்று இண்டியானாபோலிஸ் வீட்டில் மாரடைப்பு வந்து இறந்துபோனார். வயது 45. முதல் ரிவர்சைட் பதிவிலிருந்து எண்ணினால் உலகம் அவரைக் கேட்டது ஒன்பது வருடம்கூட இல்லை. அதற்குள் பென்சன், மெத்தீனி, பேட் மார்ட்டினோ, லீ ரிட்டனர் என்று ஒரு தலைமுறையே அவர் ஒலியைக் கேட்டு வளர்ந்துவிட்டது.

நீங்கள் கேட்க ஆரம்பிப்பதானால் ஒரு வரிசை சொல்கிறேன். முதலில் 'ஹாஃப் நோட்' தட்டில் 'இஃப் யூ குட் ஸீ மீ நவ்'. மெதுவான பாட்டு என்பதால் ஒற்றை ஸ்வரம், ஆக்டேவ், கார்ட் மூன்றும் எங்கே மாறுகின்றன என்று புதுக் காதுக்கும் தெரியும். அடுத்து 'வெஸ்ட் கோஸ்ட் ப்ளூஸ்'. அதன் பிறகு 'ஃபுல் ஹவுஸ்' முழுவதும், ஒரே அமர்வில். பாப் தட்டுகளைக் கடைசியில் கேளுங்கள். முதலிலேயே கேட்டுவிட்டு, இவ்வளவுதானா வெஸ் என்று எழுந்து போய்விடாதீர்கள்.