கத்தரிக்கோலால் படமெடுத்த கலைஞர்

பெரிய ஸ்டூடியோவும் லட்சக்கணக்கான மூலதனமும் இல்லாமல் சினிமா பிறக்காது என்று நம்புகிறவர்கள், 1899-ஆம் ஆண்டு பெர்லினில் பிறந்த லோட்டே ரைனிகர் என்னும் அம்மையாரின் சரித்திரத்தை அறிந்தால் அந்த நம்பிக்கையைச் சற்றே தளர்த்திக்கொள்வார்கள். நாடகப் பள்ளியில் பயின்றபோது, மேடையில் நடிப்பவர்களின் உருவத்தைக் கறுப்புக் காகிதத்தில் அநாயாசமாக வெட்டித் தந்த அந்த யுவதியின் கைத்திறனைக் கண்டு வியந்த பிரபல நடிகர் பால் வேகனர், அவரைச் சினிமாவுக்கு அழைத்துவந்தார். 1919-இல் அவருடைய முதல் குறும்படம் வெளிவந்தது.

ஜெர்மானிய நாணயம் நாளுக்கு நாள் மதிப்பிழந்துகொண்டிருந்த 1923-இல், லூயி ஹாகன் என்ற வங்கியாளர், கையிலுள்ள பணம் கரைவதற்குள் அதைப் பொருளாக்கிவிட எண்ணிக் கச்சா பிலிமை வாங்கி வைத்திருந்தார். அதைக்கொண்டு முழுநீளப் படமொன்று எடுக்கலாமே என்று அவரே கேட்க, போட்ஸ்டாமில் அவருடைய வீட்டை அடுத்த மோட்டார்க் கொட்டகையின் மேல்மாடியில், அரபுக் கதைகளை ஆதாரமாகக் கொண்ட 'இளவரசர் அகமதின் சாகசங்கள்' உருவாகத் தொடங்கியது. கை, கால், தலை என்று தனித்தனியே வெட்டி மெல்லிய கம்பியால் பிணைத்த பாவைகளை, கீழிருந்து விளக்கொளி பாயும் கண்ணாடி மேஜைமேல் கிடத்தி, மயிரிழை நகர்த்தி ஒரு படம், மீண்டும் நகர்த்தி இன்னொரு படம் என்று, ஒரு வினாடி அசைவுக்கே பல படங்கள் வீதம் மேலிருந்த காமிராவால் எடுத்தார்கள். காமிராவைக் கவனித்துக்கொண்டவர் கணவர் கார்ல் கோக். ஒரு மணி நேரத்துக்குச் சற்று மேற்பட்ட அந்தப் படத்துக்கு மூன்று ஆண்டுகள் பிடித்தன என்றால், அந்தப் பொறுமையை என்னென்பது! 1926-இல் அது வெளிவந்தது. முழுநீளச் சித்திரப் படத்தின் ஆதிகர்த்தா வால்ட் டிஸ்னியே என்று நம்மில் பலர் எண்ணுகிறோம். அவருடைய 'ஸ்நோ ஒயிட்' வந்தது 1937-இல்தான்.

ஹிட்லர் ஆட்சிக்கு வந்தபின் தாய்நாட்டில் இருக்க மனமின்றி வெளியேறிய தம்பதிகள், எந்தத் தேசமும் நிரந்தர அநுமதி தராததால், ஊர் ஊராக அலைந்தார்கள். யுத்தத்தின்போது, நோயுற்ற தாயைப் பேணுவதற்காக ரைனிகர் பெர்லினுக்கே திரும்ப நேர்ந்தது. அகமதின் மூல நெகடிவ் யுத்தத்தில் அழிந்தது. 1949-இல் லண்டனில் குடியேறி, தொலைக்காட்சிக்காகத் தேவதைக் கதைகளைப் பாவைகளாக்கினார். கத்தரிக்கோல் மட்டும் மாறவில்லை. அந்தப் படங்களுள் ஒன்றுக்கு 1955-இல் வெனிஸ் விழாவில் பரிசு கிடைத்தது.

1981-இல் அவர் காலமானார். பிரிட்டனில் தப்பிப் பிழைத்த பிரதியொன்றிலிருந்து அகமதின் கதையைப் பிற்காலத்தில் புதுப்பித்திருக்கிறார்கள். வசனமில்லாத படமாகையால் பாஷை தெரியவில்லையே என்ற கவலை அதிகம் வேண்டாம். வாசகர்கள் குழந்தைகளோடு உட்கார்ந்து ஒருமுறை பார்க்கவேண்டும்.