அழகன்குளத்துக்கு ஒரு சீரியல் பார்சல்!

செமஸ்டருக்கு முந்தின ராத்திரி ஹாஸ்டலில் என்ன செய்வோம்? படிப்போம்னு நினைச்சீங்கன்னா, நீங்க ரொம்ப நல்லவங்க. நாங்க 'போரஸ்' பார்த்தோம். 2017 நவம்பரில் ஆரம்பிச்சு, ஒரு வருஷம் சோனி டி.வி.யில் ஓடின ஹிந்தி சீரியல். போரஸாக லக்ஷ் லால்வானி, அலெக்சாண்டராக ரோஹித் புரோஹித். யானை, குதிரை, ஸ்லோமோஷனில் பறக்கிற தலைமுடி... ஹிந்தி தெரியாத என் ரூம்மேட்டே விசில் அடிச்சான்!

இதில் எவ்வளவு நிஜம்னு தேடினேன். தூக்கிவாரிப் போட்டது. அந்தக் கால இந்திய ஏடு எதிலுமே போரஸ் பெயர் இல்லை! கி.மு. 326-ல் ஜீலம் கரையில் நடந்த சண்டை பற்றித் தெரிவதெல்லாம் கிரேக்க, ரோமானிய எழுத்தாளர்கள் சொன்னது. அரியனும் புளூட்டார்க்கும் எழுதியதே நானூறு வருஷத்துக்கு அப்புறம்தான். போரஸோட சின்ன வயசு, காதல் பற்றி ஒரு வரிகூட கிடையாது. டெய்லி சீரியலுக்கு கற்பனை வேணும்தான், ஒப்புக்கறேன். ஆனா ஜூனியர் ஒருத்தன் அதை வெச்சு குவிஸ்ல பதில் சொல்லிட்டு, மார்க் தரலைன்னு சண்டைக்கே வந்துட்டான்.

2024-ல் நெட்ஃபிளிக்ஸில் வந்த அலெக்சாண்டர் தொடரில் நடிப்புக்கு நடுவே ஆய்வாளர்கள் பேசறாங்க. அதையும் கிரீஸ் கலாசார அமைச்சர் வரலாற்றுப் பிழைகள் மலிந்த கற்பனைன்னு வறுத்தெடுத்துட்டார். அதோட கதை இந்தியா வரைக்கும் வரவே இல்லை.

நான் ராமநாதபுரத்துக்காரன். அலெக்சாண்டர் எங்க பக்கம் எட்டிக்கூடப் பார்க்கலை. ஆனா யவனர்கள் வந்திருக்காங்க. வைகை கடலில் சேருற இடத்துக்குப் பக்கத்தில் அழகன்குளம். 1980-களில் இருந்து தொல்லியல் துறை இங்கே பல தடவை தோண்டியிருக்கு. ரோமானியக் காசு, மது ஜாடித் துண்டுகள், கப்பல் படம் கீறின பானை ஓடுன்னு கிடைச்சிருக்கு.

இன்னொண்ணு கேளுங்க. கி.பி. முதல் நூற்றாண்டில் கிரேக்க மொழியில் எழுதின 'பெரிப்ளஸ்', மன்னார் வளைகுடாப் பக்கம் இருக்கிற கொற்கையின் முத்துக்குளிப்பைச் சொல்லுது. கடலில் மூழ்கினவங்க தண்டனைக் கைதிகளாம்! ஒரு கைதி, ஒரு முத்து, எகிப்திலிருந்து கப்பலேறி வந்த ஒரு கிரேக்கன்... முதல் எபிசோட் ரெடி. கற்பனை பண்ணுங்க, ஆனா எது கற்பனைன்னு ஒரு வரி போட்டுடுங்க டைரக்டர் சார்.

போன மாசம் அழகன்குளம் போனேன். தோண்டின இடம் எதுன்னு ஒரு பெரியவர்கிட்ட கேட்டேன்.

"குழியெல்லாம் மூடியாச்சு தம்பி."

"இதை சீரியலா எடுத்தா பார்ப்பீங்களா ஐயா?"

"எத்தனை மணிக்குப் போடுவாக? ஏழரைக்குன்னா வீட்டுல ரிமோட்டைத் தர மாட்டாக!"