எட்டு மணி நேரம் எங்கிருந்து வந்தது?

"எட்டு மணி நேர வேலைங்கிற சட்டம் நம்ம ஆளுகளுக்கு எப்படி அண்ணாச்சி வந்துச்சு?" சிவகாசி டீக்கடையில் பட்டாசு ஆலைத் தம்பி ஒருவர் கேட்டார். அதற்குப் பாண்டிச்சேரி வரை போகணுமே என்றேன். இன்னொரு டீ சொன்னார்.

அன்றைக்குப் பாண்டிச்சேரி பிரெஞ்சுக்காரர் கையில். சவானா, ரோடியர், கெப்ளே என்று மூன்று பஞ்சாலைகள். விடிவதற்குள் உள்ளே போனால் இருட்டித்தான் வெளியே வரணும். சங்கம் வைக்க உரிமை கிடையாது. அங்கே 1911-ல் பிறந்தவர் வ. சுப்பையா. 1934-ல் 'சுதந்திரம்' என்று பத்திரிகை ஆரம்பித்தார், பிறகு ஆலைத் தொழிலாளர்களோடு ஒட்டிக்கொண்டார்.

1936-ல் பிரான்சில் மக்கள் முன்னணி ஆட்சிக்கு வந்தது. அந்த ஊர்த் தொழிலாளர்கள் ஆலைக்குள்ளேயே உட்கார்ந்து போராடி, வாரம் 40 மணி நேரம் என்று சட்டம் வாங்கினார்கள். சட்டம் கப்பலேறவில்லை, போராட்டம் ஏறிவிட்டது. ஜூலையில் பாண்டிச்சேரிக்காரர்களும் ஆலைக்குள் உட்கார்ந்தார்கள். 30-ஆம் தேதி சவானா ஆலையில் துப்பாக்கிச் சூடு. 12 பேர் செத்தார்கள். பாரிசில் இருந்ததோ தொழிலாளர் ஓட்டில் வந்த ஆட்சி!

அந்த ஆண்டே நேரு வந்து பார்த்தார். சுப்பையா மறுவருஷம் பாரிசுக்கே போய் நியாயம் கேட்டார். 1937 ஏப்ரல் 6-ல் ஆணை வந்தது: எட்டு மணி நேர வேலை, சங்கம் வைக்கும் உரிமை. அதே நேரம் பிரிட்டிஷ் எல்லைக்குள், நம் விருதுநகர் சீமையில், 1934-ஆம் வருஷச் சட்டப்படி நாளைக்குப் பத்து மணி நேரம், வாரத்துக்கு 54. ஒரே தமிழன், சுங்கச்சாவடிக்கு அந்தப் பக்கம் இரண்டு மணி நேரம் முன்னாடி வீட்டுக்குப் போனான்.

அப்புறம் சுப்பையாவுக்கு ஜெயில், நாடு கடத்தல் எல்லாம் உண்டு. உலகப் போர் முடிந்ததும் சுப்பையாவின் தேசிய ஜனநாயக முன்னணி 1946 தேர்தலில் ஜெயித்தது. பிரெஞ்சு மேலவையில் போய் உட்கார்ந்த மனிதர், பிறகு அதே பிரெஞ்சு ஆட்சியை வெளியேற்றவும் நின்றார். 1954 நவம்பர் 1-ல் ஆட்சி கைமாறியது. 1993-ல் காலமானார்.

"அந்த எட்டு மணி நேரம் எங்க ரூமுக்கு ஏன் வரலை?" என்றார் தம்பி. சரியான கேள்வி.

1948 தொழிற்சாலைச் சட்டம் வாரம் 48 மணி நேரம் என்றுதான் சொன்னது. ஆனால் அது கடிகாரத்துக்குப் போட்ட சட்டம். பட்டாசு வேலையில் பெரும்பாலும் பீஸ் ரேட்டுதானே? எத்தனை வெடி செய்தாயோ அத்தனைக்குத்தான் கூலி. வீட்டுக்குப் போகச் சொன்னாலும் ஆள் போகமாட்டார். தீபாவளி நெருங்க நெருங்க வேகம் ஏறும். காலை வெயில் ஏறுவதற்குள் முடிக்க வேண்டிய மருந்துக் கலவை மத்தியானம் வரை இழுக்கும். நாலு பேர் இருக்க வேண்டிய அறையில் எட்டுப் பேர் உட்காருவார்கள். ஒரு உராய்வு போதும். விபத்துக்குப் பிறகு ஃபோர்மேன் மேல் வழக்கு வரும். கூலி முறை மேல் யாரும் வழக்குப் போடுவதில்லை.

சுப்பையா காலத்துக்கு ஆணை போதுமாயிருந்தது, ஏனென்றால் பஞ்சாலையில் சங்கு ஊதினால் வேலை நின்றுவிடும். இங்கே முதலில் மருந்து அறையிலாவது பீஸ் ரேட்டை எடுத்துவிட்டு, கட்டுபடியாகும் நாள் கூலி கொடுங்கள். சங்கங்கள் போனஸுக்கு முன்னால் இதைக் கேட்க வேண்டும்.