துருக்கித் திரையில் நெய்யிரே நெயிர்

உதுமானியர் ஆட்சியிலே முஸ்லிம் மகளிர் மேடையேறுதல் தடுக்கப்பட்டிருந்தது. பெண் வேடங்களைப் பெரும்பாலும் ஆர்மீனிய நடிகையரே தாங்கினர். 1920 இல் அஃபிஃபே ஜாலே என்னும் நங்கை இஸ்தான்புல் மேடையில் தோன்றியபோது காவற்படையினர் அரங்கினுட் புகுந்தனர். அடுத்த ஆண்டில் அத்தடை எழுத்து மூலமாகவே விதிக்கப்பட்டது.

இந்நிலையில், கலிதே எதீப் எழுதிய 'நெருப்புச் சட்டை' என்னும் நாவலைப் படமாக்க முஹ்சின் எர்துருல் முற்பட்டார். விடுதலைப் போரைப் பொருளாகக் கொண்ட தம் கதையில் துருக்கிப் பெண்களே நடித்தல் வேண்டுமென்பது ஆசிரியையின் விருப்பம். தலைவி ஆயிஷாவாகப் பெதியா முவஹ்ஹித் நடித்தார். கெஸ்பான் என்னும் நாட்டுப்புறப் பெண்ணின் துணைப்பாத்திரம், 1902 இற் பிறந்த முனிரே எயூப் என்பாருக்கு வாய்த்தது. நெய்யிரே நெயிர் என்பது அவர் கலையுலகிற் பூண்ட பெயர்.

படம் 1923 ஏப்பிரலில் வெளிவந்தது. குடியரசோ அவ்வாண்டு ஒக்டோபரிலேதான் பிரகடனமாயிற்று. ஆகவே, சட்டம் மாறிய பின்னர் வந்த துணிவன்று இது. பாத்திரம் சிறிதாயினும் பழிக்கஞ்சாமை தலைவிக்கு வேண்டிய அளவே துணைநடிகைக்கும் வேண்டியிருந்தது. வரலாற்று நூல்களோ பெதியாவையே முதலிற் கூறும்.

அக்காலப் படங்கள் ஊமைப் படங்கள். நடிகரும் நாடகக்காரரே, நெய்யிரேயின் உழைப்பிற் பெரும்பகுதி மேடைக்கே சென்றது. எர்துருலை மணந்து, 1941 இல் அவருடன் கலையிதழொன்றும் நடத்திய நெய்யிரே, 1943 இற் காலமானார்.